தீவில் ஒரு சமையலறை, திரையில் ஒரு பாட்டி

ரோமின் டைபர் நதித் தீவில் ஓர் உணவகத்தின் பெயர்ப்பலகையில் நிலைத்திருக்கிறார், இத்தாலிய சினிமாவின் ஒரு துணை நடிகை

ரோம் நகருக்குள் ஓடும் டைபர் நதியின் நடுவே ஒரு சிறிய தீவு. நீளம் சுமார் 270 மீட்டர். அகலமான இடத்திலும் 70 மீட்டரைத் தாண்டாது. கரையில் நின்று பார்த்தால் நங்கூரம் போட்ட கப்பல் போலத் தெரியும். பழைய ரோமானியர்களுக்கும் அப்படித்தான் தெரிந்திருக்கிறது. சுண்ணாம்புக் கல்லால் கரையையே கப்பலின் முகப்பு மாதிரி கட்டினார்கள். அதில் ஒரு துண்டு இன்னும் மிச்சம் இருக்கிறது. அதன் மேல் பாம்பு சுற்றிய மருத்துவ தேவனின் கோலையும் பார்க்கலாம்.

யூதர்களின் பழைய குடியிருப்புப் பக்கமிருந்து தீவுக்கு வர ஃபாப்ரிசியுஸ் பாலத்தைக் கடக்க வேண்டும். கி.மு. 62ல் கட்டிய பாலம். ஏறத்தாழ அன்றைய உருவத்திலேயே நிற்கிறது. அதன் மேல் இன்றும் சுற்றுலாப் பயணிகளும் ஆஸ்பத்திரி ஊழியர்களும் சாதாரணமாக நடந்து போகிறார்கள். கட்டிய அதிகாரி லூசியுஸ் ஃபாப்ரிசியுஸ் தன் பெயரை வளைவுகளில் பெரிய எழுத்தில் பொறித்துவைத்துவிட்டுப் போயிருக்கிறார். பாலம் முடிகிற இடத்தில் இடைக்காலத்துக் கோபுரம் ஒன்று. அதை ஒட்டிய கட்டடத்தில் ஓர் உணவகம். பெயர் 'சோரா லெல்லா'. அந்தப் பெயருக்கு உரிய பெண்மணியின் குடும்பப் பெயர் ஃபாப்ரிட்சி. பாலத்தின் பெயருக்கும் இவர் பெயருக்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை. ஆனால் ரோமில் இரண்டாயிரம் ஆண்டு இடைவெளியில் இப்படி ஒரு பெயர்ப் பொருத்தம் அமைவதில் யாருக்கும் ஆச்சரியம் கிடையாது.

எலெனா ஃபாப்ரிட்சி 1915 ஜூன் 17 அன்று ரோமில் பிறந்தவர். எலெனாவின் செல்லச் சுருக்கம் லெல்லா. 'சோரா' என்பது ரோம் வட்டார வழக்கில் 'சின்யோரா'வின் தேய்ந்த வடிவம். பங்களாவில் இருக்கும் சீமாட்டியை யாரும் சோரா என்று கூப்பிட மாட்டார்கள். காய்கறிக்காரம்மா, மாடி வீட்டு அத்தை, சாப்பாட்டுக் கடைக்காரம்மா இவர்களுக்குத்தான் அந்த மரியாதை. நம் ஊர்த் தெருக்களில் சொந்தமே இல்லாதவர்களையும் 'அக்கா' என்று கூப்பிடுகிறோமே, கிட்டத்தட்ட அதுதான்.

அவர்களுடைய அம்மா கம்போ தெ ஃபியோரி சந்தையில் காய்கறி விற்றவர். தீவிலிருந்து பத்து நிமிட நடையில் அந்தச் சந்தைச் சதுக்கம். அப்பா சீக்கிரமே இறந்துவிட, ஐந்து சகோதரிகளுக்கு ஒரே சகோதரனான ஆல்டோ சிறு வயதிலேயே கிடைத்த வேலைகளையெல்லாம் செய்ய வேண்டியிருந்தது. குதிரை வண்டி ஓட்டினார். பிறகு மேடையில் வண்டிக்காரர்கள், டிராம் நடத்துநர்கள், கடைக்காரர்கள் என்று ரோமின் சாதாரண மனிதர்களை நடித்துக் காட்டிப் பெயர் வாங்கினார். 1942ல் சினிமா. 1943ல் 'கம்போ தெ ஃபியோரி' என்றே ஒரு படம். அதில் அவர் மீன் வியாபாரி. அம்மா கடை போட்ட சந்தையின் பெயரிலேயே மகன் கதாநாயகன். 1945ல் ரொபெர்த்தோ ரொஸ்ஸெல்லினியின் 'ரோம், திறந்த நகரம்' படத்தில் நாஜிகளால் சுட்டுக் கொல்லப்படும் பாதிரியாராக நடித்த பிறகு ஆல்டோ ஃபாப்ரிட்சியை உலகமே அறிந்துகொண்டது. 1952ல் பம்பாய், மெட்ராஸ், டெல்லி, கல்கத்தா என்று சுற்றிவந்த இந்தியாவின் முதல் சர்வதேசத் திரைப்பட விழாவின் வழியாக அந்தப் படம் இந்தியாவுக்கும் வந்தது.

தங்கைக்கு அந்த அதிர்ஷ்டம் இல்லை. அல்லது வேறு விதமான அதிர்ஷ்டம் காத்திருந்தது.

இத்தாலிய சினிமாவில் துணை நடிகரை 'கராத்தெரிஸ்தா' என்பார்கள். கதாநாயகனுக்குப் பின்னால் நின்று ஒரு தெருவை, ஒரு தொழிலை, ஒரு வட்டாரத்தை இரண்டு நிமிடத்தில் காட்டிவிட்டுப் போகிறவர். போருக்குப் பிந்தைய இத்தாலியப் படங்களின் உயிர் பாதி இவர்கள் கையில்தான் இருந்தது. ஆனால் அந்த சினிமா இவர்களிடம் எடுத்துக்கொண்டது பெரும்பாலும் முகத்தை மட்டும். படப்பிடிப்பில் ஒலியைப் பதிவுசெய்யாமல் பிறகு டப்பிங் செய்வது அங்கே பல காலம் வழக்கமாக இருந்தது. முகம் ஒருவருடையது, குரல் இன்னொருவருடையது.

இதற்கு மரியோ மோனிச்செல்லியின் 'ஈ சோலித்தி இன்யோத்தி' (1958) படத்தைவிட நல்ல உதாரணம் கிடைக்காது. 'வழக்கமான அடையாளம் தெரியாத நபர்கள்' என்பது தலைப்பின் பொருள். பத்திரிகைக் குற்றச் செய்திகளில் அடிபடும் தொடர் அது. ஒரு கடனடைவுக் கடையின் பெட்டகத்தைக் கொள்ளையடிக்கக் கிளம்பும் அசட்டுத் திருடர்களின் கதை. அதில் தங்கையை வீட்டுக்குள் பூட்டிவைக்கும் சந்தேகக்காரச் சிசிலியனாக வருகிறவர் திபேரியோ மூர்ஜா. உண்மையில் அவர் சிசிலிக்காரர் இல்லை, சார்டினியா தீவுக்காரர். ரோமில் ஓர் உணவகத்தில் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தபோது படக்குழுவின் கண்ணில் பட்டார். முகம் சிசிலியனுக்குப் பொருந்தியது, பேச்சு பொருந்தவில்லை. குரலை வேறொருவர் கொடுத்தார். மூர்ஜா அதன் பிறகு நூற்றுக்கும் மேற்பட்ட படங்களில் நடித்தார், பெரும்பாலும் அதே சிசிலியனாக. அந்தப் படத்தில் எப்போதும் எதையாவது தின்றுகொண்டே இருக்கும் கிழவர் கார்லோ பிசகானே நேப்பிள்ஸ்காரர். திரையில் அவர் வாயிலிருந்து வருவது பொலோன்யா வழக்கு. அதுவும் வேறொருவர் குரல்.

அதே படத்தில்தான் எலெனா ஃபாப்ரிட்சியும் இருக்கிறார். திருடர்களில் இளையவனான மரியோ அநாதை இல்லத்தில் வளர்ந்தவன். அங்கே அவனை வளர்த்த பெண்களை அவன் அம்மா என்றே கருதுகிறான். அந்த அம்மாக்களில் ஒருவர் எலெனா. சில காட்சிகள், அவ்வளவே. அப்போது அவருக்கு வயது 43. படம் உலகெங்கும் ஓடியது. ஆஸ்கருக்குப் பரிந்துரையும் ஆனது. அதனால் எலெனாவின் வாழ்க்கையில் பெரிதாக ஒன்றும் மாறவில்லை.

மாறாமல் போனது நல்லதாகக்கூட இருக்கலாம். ஏனென்றால் சினிமா ஒரு தடவை கைநீட்டித் தூக்கிவிட்டு, அடுத்த தடவை மறந்துபோனவர்களின் கதை ரோமில் எல்லோருக்கும் தெரியும். வித்தோரியோ டி சீகாவின் 'சைக்கிள் திருடர்கள்' (1948) நாயகன் லம்பெர்த்தோ மஜ்ஜோரானி ஓர் இயந்திரத் தொழிற்சாலையில் தொழிலாளி. ஒரே படத்தில் உலகம் முழுக்க அவருடைய முகம் பரவியது. திரும்பி வந்தபோது தொழிற்சாலையில் ஆட்குறைப்பு, வேலை போய்விட்டது. கொத்து வேலை பார்த்தார், சிறு சிறு வேடங்களில் நடித்தார். பசோலினியின் 'மம்மா ரோமா' (1962) படத்தில் ஆஸ்பத்திரிக் கட்டிலில் படுத்திருக்கும் நோயாளியாக ஒரு காட்சியில் வருகிறார். அவருடைய வானொலிப் பெட்டியை ஒரு பையன் திருடப் பார்க்கிறான். சைக்கிளைப் பறிகொடுத்தவரிடமே இன்னொரு திருட்டு. பசோலினி தெரிந்தேதான் அவரை அங்கே படுக்கவைத்திருக்க வேண்டும்.

எலெனா சினிமாவை நம்பி உட்கார்ந்திருக்கவில்லை. குடும்பத்துக்கு முன்பே சாப்பாட்டுக் கடைத் தொழில் இருந்தது. 1959ல் கணவருடன் சேர்ந்து இந்தத் தீவில் கடையைத் திறந்தார்.

இடம் வேடிக்கையானது. இந்தத் தீவுக்கு வருகிறவர்களில் பாதிப் பேர் பிறப்பு, நோய், சாவு இவற்றின் பொருட்டு வருகிறவர்கள். கி.மு. மூன்றாம் நூற்றாண்டில் கொள்ளைநோய் வந்தபோது மருத்துவ தேவன் ஈஸ்குலாபியுஸுக்கு இங்கே கோயில் கட்டினார்கள். கிரேக்கத்திலிருந்து கொண்டுவந்த புனிதப் பாம்பு கப்பலிலிருந்து நழுவி இந்தத் தீவில் ஏறிக்கொண்டது என்பது கதை. கோயில் இருந்த இடத்தில் பத்தாம் நூற்றாண்டின் இறுதியில் எழுந்த தேவாலயம் இன்று புனித பர்த்தலோமியுவின் பெயரில் இருக்கிறது. இந்தியா வரை போய்ப் போதித்தவர் என்று கிறிஸ்தவ மரபு சொல்லும் அதே அப்போஸ்தலர். தீவின் மறுபாதியில் 16ம் நூற்றாண்டிலிருந்து ஃபாத்தெபெனெஃப்ராதெல்லி ஆஸ்பத்திரி. 1943ல் நாஜிகள் பாலத்துக்கு அப்பால் யூதர்களைப் பிடித்துக்கொண்டு போனபோது, இங்கே டாக்டர்கள் சிலரை நோயாளிகளாகச் சேர்த்துக்கொண்டு, 'கே நோய்' என்று இல்லாத ஒரு தொற்றுநோயைச் சொல்லிப் படைவீரர்களைப் பயமுறுத்தி அனுப்பியிருக்கிறார்கள். ரோமில் ஏராளமான பேருக்குப் பிறந்த இடம் இந்த ஆஸ்பத்திரிதான். 2022ல் நிர்வாகம் கைமாறியபோதும் பிரசவப் பிரிவின் பேர் குறையவில்லை.

இப்படிப்பட்ட தீவில் ஒரு சாப்பாட்டுக் கடை. ரோம் சமையல் ஏழைகளின் சமையல். மாட்டை நாலு பங்காக்கி நல்ல கறியெல்லாம் பிரபுக்களுக்கும் பாதிரிகளுக்கும் வசதியானவர்களுக்கும் போன பிறகு, மிஞ்சியதற்கு 'ஐந்தாவது கால்பங்கு' என்று பெயர். கால்பங்கு எப்படி ஐந்தாக முடியும் என்று கணக்குக் கேட்கக் கூடாது. வால், குடல், ஈரல், நாக்கு இதெல்லாம்தான் அந்தப் பங்கு. டெஸ்டாச்சியோ பகுதியில் 1975 வரை இயங்கிய கசாப்புக் கூடத்துத் தொழிலாளர்கள் கூலியின் ஒரு பகுதியாக இவற்றை வாங்கிப் போவார்கள். வாலைத் தக்காளியும் செலரித் தண்டும் போட்டு மணிக்கணக்கில் வேகவைத்தால் 'கோதா அல்லா வச்சினாரா'. பால்குடி மறவாத கன்றின் குடலை உள்ளிருக்கும் பாலோடு சமைத்தால் 'பயாத்தா'. பைத்தியக்கார மாட்டு நோய்ப் பீதியில் ஐரோப்பா இதற்குத் தடை போட்டு, 2015ல்தான் அந்தத் தடை நீங்கியது. ரோம்காரர்கள் அதைக் கொண்டாடினார்கள். குடல் குழம்புக்காக ஞாயிற்றுக்கிழமை கறிக்கடையில் வரிசையில் நிற்கிறவர்களுக்கு இதில் விளங்காதது எதுவும் இல்லை. வியாழன் என்றால் உருளைக்கிழங்கு உருண்டைகளான நியோக்கி, வெள்ளி மீன், சனி குடல் என்று வாரத்துக்கே சட்டம் போட்டு வைத்திருந்த ஊர் அது.

இந்தச் சமையலை மாற்றாமல் போட்டதுதான் தீவுக் கடையின் பெயர். அண்ணனுக்கும் சாப்பாட்டில் அசாத்தியப் பற்று. 'பாஸ்தா அஷ்யூத்தா' என்று 1970ல் பாஸ்தாவைப் பற்றியே வட்டார வழக்கில் ஒரு கவிதைத் தொகுப்பு போட்டார். சூப்புக்கு ஒன்று, ரொட்டிக்கு ஒன்று என்று பிறகு மேலும் இரண்டு. குடும்பத்தில் ஒருவர் அடுப்படியில் நின்றார். இன்னொருவர் அதைப் பாட்டாக எழுதினார்.

சினிமா இடையிடையே கூப்பிட்டது. எலெனா போய் நடித்துவிட்டுத் திரும்பினார். 1974ல் எத்தோரே ஸ்கோலா, போருக்குப் பின் முப்பது ஆண்டுகளில் மூன்று நண்பர்கள் எப்படிக் கரைந்துபோகிறார்கள் என்று ஒரு படம் எடுத்தார். அதில் நாட்டின் எல்லா ஊழலையும் தன் பெருத்த உடம்பில் சுமந்து நிற்கும் கட்டட முதலாளி கத்தெனாச்சியாக ஆல்டோ ஃபாப்ரிட்சி. அவருடைய மனைவியாக எலெனா. அண்ணனும் தங்கையும் கணவன் மனைவியாக நடிப்பது நம் ஊரில் சிரமமான சமாச்சாரம். ரோமில் அதை யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. அண்ணனுக்கு அந்தப் படத்துக்காகத் துணை நடிகர் விருதும் கிடைத்தது. தங்கை வழக்கம்போலப் பாலத்தைக் கடந்து கடைக்குத் திரும்பினார்.

1981ல் அவருக்கு வயது 65. முப்பது வயது கார்லோ வெர்டோனே தன் இரண்டாவது படத்தை எடுத்துக்கொண்டிருந்தார். கௌபாய் படங்களின் சக்ரவர்த்தி செர்ஜியோ லியோனே அவருக்குப் பின்னால் தயாரிப்பில் துணை நின்றார். படத்தின் பெயர் 'பியாங்கோ, ரொஸ்ஸோ எ வெர்டோனே'. வெள்ளை, சிவப்பு என்று தொடங்கி, இத்தாலியக் கொடியின் பச்சைக்குப் பதிலாக இயக்குநர் பெயர். ஓட்டுப் போட மூன்று மூலைகளிலிருந்து சொந்த ஊருக்குப் பயணப்படும் மூன்று பேரின் கதை. மூன்று பேரும் வெர்டோனேதான். அதில் ஒருவன் மிம்மோ: வளர்ந்த உடம்பு, குழந்தை மனசு. வெரோனா நகரில் இருக்கும் பாட்டியைக் காரில் ஏற்றி ரோமுக்குக் கூட்டிவருகிறான். பாட்டி, சோரா லெல்லா.

இந்தியாவில் ஓட்டுப் போட ஊருக்குப் போகும் கூட்டத்தைப் பார்த்தவர்களுக்கு அந்தப் படத்தின் ஆதாரச் செய்தி உடனே புரியும். பாட்டிக்கு உடம்பு கனம், சர்க்கரை வியாதி, பேச்சில் நெருப்பு. பேரன் பயந்து பயந்து பார்த்துக்கொள்கிறான். அந்தப் பயம்தான் பாட்டிக்குப் பெரிய தொல்லை. வழியில் பாட்டிக்கு ஊசி போட வேண்டிவருகிறது. பேரனுக்குக் கை நடுங்குகிறது. மலை மாதிரி ஒரு லாரி டிரைவர் வந்து, இந்தக் கை இரும்பாகவும் இருக்கும் இறகாகவும் இருக்கும் என்கிற பாணியில் வசனம் பேசிவிட்டுப் போட்டுவிடுகிறார். அவர் மரியோ பிரேகா. லியோனேயின் கௌபாய் படங்களில் அடியாளாக வந்து அடி வாங்கியவர். இரண்டு துணை நடிகர்களுக்கு நடுவே கதாநாயகன் காணாமல் போகும் காட்சி அது. அந்த வசனத்தைச் சொல்லிக் காட்டாத ரோம்காரர் அபூர்வம்.

படத்தின் முடிவில் பாட்டி வாக்குச்சாவடிக்குள் போகிறார். தடுப்புக்குள் நுழைந்தவர் திரும்பி வரவில்லை. அங்கேயே உயிர் பிரிந்துவிட்டது. சிரித்துக்கொண்டிருந்த அரங்கம் சட்டென்று அடங்கிப்போகும் இடம். அழுது காட்டாமல், வசனம் பேசாமல், திரைக்கே வராமல் ஒரு நடிகை ஒரு படத்தைத் தன்னோடு எடுத்துக்கொண்டு போவது அடிக்கடி நடப்பதல்ல.

அந்தப் பாட்டி நடிக்கவில்லை, இருந்தபடி இருந்தார் என்று சொல்லிவிடலாம். அது பாதி உண்மைதான். பாத்திரம் கழுவியவருக்கும் நேப்பிள்ஸ் கிழவருக்கும் இரவல் குரல் கொடுத்த அதே சினிமாவில், இவருக்கு எல்லாமாகவும் இருந்தது அந்தக் குரல்தான். தடித்த, இழுத்துப் பேசும், பாதியில் திட்டாக மாறி முடிவில் கொஞ்சலாகத் திரும்பும் ரோம் குரல். இருபது வருஷம் சாப்பாட்டு மேஜைகளுக்கு நடுவே நின்று, சாப்பிடாதவரை அதட்டி, சாப்பிட்டவரை வழியனுப்பிப் பழகிய குரல். எந்த டப்பிங் அரங்கிலும் அது கிடைக்காது.

இத்தாலிய சினிமாப் பத்திரிகையாளர்கள் அவருக்கு 'வெள்ளி ரிப்பன்' விருது கொடுத்தார்கள். எந்தப் பிரிவில்? சிறந்த அறிமுக நடிகை! மோனிச்செல்லியின் படத்தில் நடித்து இருபது ஆண்டுகளுக்கு மேல் ஆகியிருந்தது. அவமதிப்பு என்று எடுத்துக்கொள்வதா, உண்மை என்று எடுத்துக்கொள்வதா என்பது பார்க்கிறவரைப் பொறுத்தது. அதுவரை யாரும் அவரைச் சரியாகப் பார்க்கவில்லை என்பதைத் தேர்வுக் குழுவே ஒப்புக்கொண்டது போலத்தான். 1983ல் மீண்டும் வெர்டோனேயின் 'தண்ணீரும் சோப்பும்'. மீண்டும் ஒரு ரோம் மூதாட்டி. 1984ல் அதற்காக, இத்தாலியின் மிக உயர்ந்த திரை விருதான டாவிட் டி டொனாதெல்லோ. இந்த முறை பிரிவு சரியாக இருந்தது: சிறந்த துணை நடிகை. வயது 69ஐ நெருங்கிக்கொண்டிருந்தது.

பிறகு தொலைக்காட்சி. எண்பதுகளில் இத்தாலியில் தனியார் அலைவரிசைகள் பெருகிய காலம். மௌரித்சியோ கோஸ்தான்சோவின் புகழ்பெற்ற பேட்டி நிகழ்ச்சியில் சோரா லெல்லா வந்து உட்கார்ந்தார். அங்கே அவருக்கு வசனம் எழுதித் தர யாரும் தேவைப்படவில்லை. தேசம் முழுக்க அவரைப் பாட்டி என்று நினைத்துக்கொண்டது. தீவுக்கு வந்து, கடைக்குள் எட்டிப்பார்த்து, 'அம்மா இருக்கிறாரா' என்று கேட்கும் கூட்டம் அப்போதுதான் தொடங்கியது. புகழ் வந்த வேகத்தில் ஏமாந்துபோகவும் வழி இருந்தது. வேடங்கள் எல்லாமே பாட்டி வேடங்கள், நல்லவை சில, சுமாரானவை பல. ஆனால் மஜ்ஜோரானியைப் போல அடுத்த அழைப்புக்காகக் காத்திருக்கும் நிலை அவருக்கு வரவில்லை. காலையில் அடுப்பு எரிந்தாக வேண்டும். அது அவருடைய சொந்த அடுப்பு.

அண்ணன் 1990 ஏப்ரலில் மறைந்தார். தங்கை 1993 ஆகஸ்ட் 9 அன்று, 78வது வயதில். கடை குடும்பத்தாரிடம் தொடர்கிறது. இன்று அது எளிய சாப்பாட்டுக் கடை அல்ல. வெள்ளை மேஜை விரிப்பும் அதற்கேற்ற பில்லும் உண்டு. கசாப்புக் கூடத் தொழிலாளியின் கூலியாக இருந்த மாட்டு வால், முன்பதிவு செய்துவிட்டு வரவேண்டிய பண்டமாகிவிட்டது. இது ரோமில் மட்டும் நடக்கும் விஷயமல்ல. அம்மாவின் பெயரை வெளியே போட்டு, அம்மாவின் சமையலை உள்ளே எவ்வளவு தூரம் காப்பாற்றுவது என்பது அந்தக் குடும்பத்தின் தினப்படிப் பிரச்சினையாக இருக்கும். வெளிநாட்டுப் பயணிகளில் பலருக்கு அது ஒரு நடிகையின் பெயர் என்பதே தெரியாது. இத்தாலியர்கள் பலகையைப் பார்த்ததும் தாங்களாகவே புன்னகை செய்கிறார்கள்.

1995ல் தொடங்கி, பல கோடைகளில் தீவின் கீழ்க்கரையில் திறந்தவெளித் திரை கட்டிப் படம் போட்டிருக்கிறார்கள். சிறு அணையில் தண்ணீர் விழும் இரைச்சலுக்கு நடுவே வசனம் கேட்க வேண்டும். தென்முனைக்கு அப்பால், 1598 வெள்ளத்தில் பாதி போய்விட்ட 'உடைந்த பாலத்தின்' ஒற்றை வளைவு ஆற்றின் நடுவே இருட்டில் நிற்கும். படம் முடிந்து படியேறி வருகிறவர்கள் ஆஸ்பத்திரி வாசலைக் கடக்க வேண்டும். அங்கே கையில் பையோடும் பூங்கொத்தோடும் யாராவது ஓர் இளம் தகப்பன் நின்றுகொண்டிருப்பான். அதைத் தாண்டினால் கோபுரம், கோபுரத்தை ஒட்டி உணவகம், அப்புறம் பாலம். அந்த நேரத்துக்கு சமையலறையில் பாத்திரம் கழுவும் சத்தம் மட்டும் கேட்டுக்கொண்டிருக்கும்.